மனமொத்த பிரிவும் மழலையின் உரிமையும்

நுழையும்முன்

மணமுறிவு வழக்கில் மனுதாரர், எதிர்மனுதாரர் என இருவர் பெயர்களே முன்னிற்கும். தீர்ப்பின் விளைவை நெடுங்காலம் சுமப்பவரோ மூன்றாமவர், அவர் குழந்தை.

சாரல் தொடங்கிவிட்டால் தென்காசி வட்டாரத்துக் குழந்தைகளுக்குப் பேரருவியும் ஐந்தருவியுமே பேச்சு. பெற்றோர் பிரிந்துவிட்ட குழந்தையை ஞாயிறன்று குற்றாலத்திற்கு அழைத்துச் செல்பவர் யார்? நகையையும் நிலத்தையும் பங்கிட்டுவிடலாம். விடுமுறை நாளைப் பங்கிடுவது எளிதன்று.

1955ஆம் ஆண்டின் இந்து திருமணச் சட்டத்தில், கணவனும் மனைவியும் ஒருமனப்பட்டு மணமுறிவு கோரும் வழி 1976ஆம் ஆண்டுத் திருத்தத்தால் சேர்க்கப்பட்டது. ஓராண்டேனும் பிரிந்து வாழ்ந்தவர்கள் இணைந்து மனு அளிக்கலாம். பின்னர் 6 மாதங்கள் கழித்து, 18 மாதங்களுக்குள் மீண்டும் வந்து தம் விருப்பத்தை உறுதிசெய்தல் வேண்டும். இந்த இடைவெளி, சினத்தில் எடுத்த முடிவை மீள எண்ணிப் பார்ப்பதற்கு உரியது. இணைந்து வாழ வாய்ப்பே இல்லாத நிலையில் இக்காத்திருப்பைத் தளர்த்தலாம் என உச்ச நீதிமன்றம் 2017இல் கூறியது. ஆணை பிறக்கும்வரை இருவரின் இசைவும் நீடிக்க வேண்டும் என்பது 1991ஆம் ஆண்டுத் தீர்ப்பு. இசுலாமியத் தனிச்சட்டத்திலும் இருவரும் இசைந்து பிரியும் முபாராத் என்னும் முறை உண்டு.

இசைவு தானாகக் கனிவதில்லை. குடும்பநல நீதிமன்றங்கள் முதலில் சமரசத்திற்கு முயலவேண்டும் என்கிறது 1984ஆம் ஆண்டுச் சட்டம். சென்னை உயர் நீதிமன்றத்தில் 2005இல் சமரச மையம் தொடங்கப்பட்டது. சமரசர் நீதிபதி அல்லர். எவர்மீது குற்றம் என்று அவர் கூறுவதில்லை. அங்குப் பேசப்பட்டவை வெளியே செல்லா. வாய்தா தோறும் ஒருவரையொருவர் குற்றஞ்சாட்டிப் பழகியவர்கள், அங்குத்தான் குழந்தையின் காய்ச்சலைப் பற்றியும் தேர்வைப் பற்றியும் பேசத் தொடங்குவர்.

ஓர் எடுத்துக்காட்டைக் கொள்வோம். தாய் தென்காசியில் ஆசிரியர். தந்தைக்குக் கொல்லத்தில் வேலை. மகளுக்கு வயது ஒன்பது. 'தந்தை மகளைப் பார்க்கலாம்' என்று மட்டும் எழுதினால் அடுத்த மாதமே பூசல் முளைக்கும். இரண்டாம் சனிக்கிழமை காலை செங்கோட்டைத் தொடர்வண்டி நிலையத்தில் ஒப்படைத்தல், மறுநாள் மாலை திரும்ப அழைத்து வருதல், தைப்பொங்கல் தாயிடம், தீபாவளி தந்தையிடம், கோடை விடுமுறை பாதிப்பாதி, பள்ளிக் கட்டணத்தில் எவர் பங்கு எவ்வளவு, வண்டி தாமதமானால் யாருக்குத் தெரிவிப்பது என்பனவெல்லாம் ஒப்பந்தத்தில் இடம்பெற வேண்டும். இவை அற்பமானவை அல்ல. அச்சிறுமியின் வாழ்வே இவைதாம்.

எனினும், பெற்றோர் இருவரும் கையொப்பமிட்டதனாலேயே நீதிபதி அதனை ஏற்றுவிட வேண்டியதில்லை. குழந்தையின் நலனே முதன்மை என 1956ஆம் ஆண்டின் இந்து இளவர் காப்பாளர் சட்டம் வலியுறுத்துகிறது. தெளிந்து கூறும் வயதுடைய குழந்தையின் விருப்பத்தையும் நீதிமன்றம் கருதிப் பார்க்கலாம் என்பது 1890ஆம் ஆண்டுச் சட்டத்திலேயே உள்ளது. குழந்தை தன்னிடம் இருந்தால் போதும் என்று, அதன் பராமரிப்புத் தொகையைத் தாய் விட்டுக்கொடுப்பதும் உண்டு. அத்தொகை குழந்தையின் உரிமை. அதனை விலையாக வைத்துப் பேரம் பேசுதல் தகாது.

அச்சத்தால் இசைவது இசைவன்று. அடித்துத் துன்புறுத்தியவரின் எதிரே அமர்ந்து ஒருவர் 'சரி' என்றால், அச்சொல்லை ஐயத்தோடுதான் நோக்க வேண்டும். 1987ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின்படி, பெண்களும் குழந்தைகளும் வருமான வரம்பின்றி இலவச சட்ட உதவி பெறலாம். கையொப்பமிடும் முன்னரே அவ்வுதவியை நாடுதல் நன்று.

மணமுறிவு ஆணைக்குப் பின்னரும் குழந்தை பற்றிய ஏற்பாடு மாற்றத்திற்கு உட்பட்டதே. ஒன்பது வயதில் வகுத்த கால அட்டவணை, அச்சிறுமி பதினொன்றாம் வகுப்புக்கு வரும்போது பொருந்தாமல் போகலாம். அப்போது பெற்றோரில் ஒருவர் மனு அளித்தால், நீதிமன்றம் அதனைத் திருத்தி அமைக்கும்.