இடமாற்றக் கடிதமும் ஒரு மாதக் கெடுவும்

கல்கிசையிலும் வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் துறைமுக அதிகார சபை, அரச வங்கி என்று ஏதாவதொன்றில் வேலை செய்பவர்கள் நிறையப் பேர். ஆட்சியோ மேலதிகாரியோ மாறினால் அங்கே இடமாற்றக் கடிதங்கள் பறக்கும். கடிதம் கைக்கு வந்ததும் ஆளுக்கொரு யோசனை சொல்வார்கள். அவற்றில் சில, உள்ள வேலைக்கே உலை வைப்பவை.

நம்பிக்கை: "அரச வேலைதானே, அரசாங்க சேவை ஆணைக்குழுவுக்கு எழுதலாம்."

திணைக்கள எழுதுவினைஞர் எழுதலாம். கூட்டுத்தாபன எழுதுவினைஞருக்கு அந்த ஆணைக்குழு பொறுப்பில்லை. அவருடைய இடமாற்றத்தை நியமனக் கடிதமும் நிறுவனத்தின் இடமாற்றக் கொள்கையுமே தீர்மானிக்கின்றன.

நம்பிக்கை: "அப்படியென்றால் அது வெறும் கம்பனி. அடிப்படை உரிமை பேச முடியாது."

ஒரு காலத்தில் இது உண்மைதான். 1982இல் காப்புறுதிக் கூட்டுத்தாபன வழக்கில், கூட்டுத்தாபனத்தின் செயலை அரசின் செயலாக உயர் நீதிமன்றம் ஏற்கவில்லை. 1987இல் எயார் லங்கா வழக்கில் நிலைமை மாறியது. கம்பனியாகப் பதிவாகியிருந்தாலும், அரசின் கட்டுப்பாட்டில் அதன் முகவராக இயங்கும் நிறுவனத்தின் செயல் 'நிறைவேற்று அல்லது நிருவாகச் செயல்' ஆகும் என்று அதே நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆகவே அரசியலமைப்பின் 12(1)ஆம் உறுப்புரை தரும் சமத்துவ உரிமையை அங்குள்ள ஊழியரும் கோரலாம். தனியார் கம்பனி ஊழியருக்கு இந்த வழி இல்லை.

நம்பிக்கை: "பழிவாங்கல் என்று சொன்னாலே இடமாற்றம் ரத்தாகும்."

தமிழ்நாட்டுத் தலைமைச் செயலாளராக இருந்த ஈ.பி. ராயப்பாவே, தன்னை வேறு பதவிக்கு மாற்றியதை எதிர்த்து இந்திய உச்ச நீதிமன்றம் சென்று 1973இல் தோற்றார். தன்னிச்சையான செயல் சமத்துவத்துக்குப் பகை என்ற புகழ்பெற்ற கோட்பாடு அந்தத் தீர்ப்பில்தான் பிறந்தது. ஆனால் கெட்ட நோக்கத்தை அவரால் நிரூபிக்க முடியவில்லை. சந்தேகம் போதாது. ஒரே தரத்தில் இருந்த மற்றவர்களை விட்டுவிட்டார்களா, தொழிற்சங்கப் பதவி ஏற்ற எத்தனையாவது நாளில் கடிதம் வந்தது, போகச் சொன்ன இடத்தில் வெற்றிடம் இருந்ததா என்று கடதாசியில் காட்டவேண்டும்.

நம்பிக்கை: "அநியாய இடமாற்றத்துக்குப் போகத் தேவையில்லை."

இதைப்போல் ஆபத்தான யோசனை வேறில்லை. சூரத்திலிருந்து உக்காய்க்கு மாற்றப்பட்ட குஜராத் மின்சார வாரிய ஊழியர் ஒருவர் அங்கு போய்ப் பொறுப்பேற்கவில்லை. வேலை பறிபோனது. 1989இல் உச்ச நீதிமன்றம் வாரியத்தின் பக்கமே நின்றது. முறையீடு செய்யலாம், ஆனால் உத்தரவு நிறுத்தப்படாதவரை போகத்தான் வேண்டும் என்றது. இந்தியத் தீர்ப்பு நம்மைக் கட்டுப்படுத்தாது என்றாலும் அந்த எச்சரிக்கை இங்கும் பொருந்தும்.

தொழில் நியாய சபை பற்றியும் ஒரு வார்த்தை. ஊழியர் அங்கே நேரே போவது முக்கியமாக வேலைநீக்கத்துக்கு. இடமாற்றப் பிணக்கைத் தொழில் ஆணையாளரிடம் கொண்டுபோகலாம். 1950ஆம் ஆண்டின் கைத்தொழில் பிணக்குகள் சட்டத்தின் கீழ் அமைச்சர் அதை நடுத்தீர்ப்புக்கு அனுப்ப முடியும்.

நம்பிக்கை: "மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு போட்டுவிட்டேன், இனி அவசரமில்லை."

நல்ல வழக்குகள் பல செத்துப்போவது இங்கேதான். 126ஆம் உறுப்புரைப்படி, உரிமை மீறப்பட்ட ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்தில் மனுத் தாக்கல் செய்யவேண்டும். 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்க மனித உரிமைகள் ஆணைக்குழுச் சட்டம் ஒரு சலுகை தருகிறது. அந்த மாதத்துக்குள் ஆணைக்குழுவிடம் போயிருந்தால், அங்கே விசாரணை நிலுவையில் உள்ள காலம் கணக்கில் சேராது. ஆனால் முறைப்பாட்டு இலக்கத்தை மட்டும் காட்டினால் போதாது, விசாரணை உண்மையில் நடப்பதைக் காட்டவேண்டும் என்று உயர் நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. நிறுவனத் தலைவருக்கு எழுதிய மேன்முறையீடு பொதுவாக அந்த மாதத்தை நீட்டாது. கல்கிசை நீதிமன்றம் வீட்டுக்குக் கிட்ட இருக்கிறது என்று அங்கே போவதிலும் பயனில்லை. இந்த மனுவுக்கு இடம் புதுக்கடை உயர் நீதிமன்றம் மட்டுமே.

கடிதம் கிடைத்த தேதியை அதிலேயே குறித்துவையுங்கள். சிங்களத்தில் மட்டும் இருந்தால் அன்றைக்கே யாரையாவது கொண்டு வாசித்து விளங்கிக்கொள்ளுங்கள். மேன்முறையீட்டை எழுத்தில் கொடுத்துப் பிரதியை வைத்திருங்கள். அந்த வாரத்துக்குள்ளேயே சட்டத்தரணி ஒருவரைப் பாருங்கள். கையில் காசில்லாதவர்கள் சட்ட உதவி ஆணைக்குழுவின் கதவைத் தட்டலாம்.