எம்பசி எல்லாம் பார்த்துக்கொள்ளுமா?

திண்டுக்கல்லை அடுத்த தாடிக்கொம்பு சௌந்தரராஜப் பெருமாள் கோயிலில் தேய்பிறை அஷ்டமி அன்று சொர்ண ஆகர்ஷண பைரவர் சன்னதிக்கு வரும் கூட்டத்தில், கடன் அடைய வேண்டும் என்று வேண்டி நிற்பவர்கள் நிறைய. கடனை அடைக்க நம் பக்கத்துப் பிள்ளைகளுக்குத் தெரிந்த இன்னொரு வழி விமானம் ஏறுவது. துபாய், ரியாத், குவைத், கோலாலம்பூர். பைரவரிடம் என்ன கேட்கலாம் என்பது எல்லோருக்கும் தெரியும். தூதரகத்திடம் என்ன கேட்கலாம் என்பதில்தான் குழப்பம். எம்பசி நினைத்தால் எதையும் செய்யும் என்று ஒரு கட்சி. அது ஒன்றுக்கும் உதவாது என்று இன்னொரு கட்சி. அயல் மண்ணில் தூதரகத்துக்குப் போலீஸ் அதிகாரமும் இல்லை, கோர்ட் அதிகாரமும் இல்லை. போய்ப் பார்க்கலாம், எழுதிக் கேட்கலாம், சான்று கொடுக்கலாம், சில நேரம் பணமும் கொடுக்கலாம். இந்த எல்லைக்குள் அது செய்யக்கூடியவையே ஏராளம். ஆனால் அதையும் நாம்தான் கேட்டு வாங்க வேண்டும்.

“உள்ளே பிடித்துப் போட்டால் எம்பசி வெளியே எடுத்துவிடும்.”

எடுக்காது. தூதரகப் பணிகளை வரையறுக்கும் 1963-ஆம் ஆண்டு வியன்னா உடன்படிக்கையின் 36-வது பிரிவு, கைதான வெளிநாட்டவரைத் தூதரக அதிகாரி சந்திக்கலாம், கடிதம் எழுதலாம், வக்கீலுக்கு ஏற்பாடு செய்யலாம் என்கிறது. விடுவிக்கலாம் என்று எங்கும் சொல்லவில்லை. கவனிக்க வேண்டிய இன்னொன்றும் அதில் இருக்கிறது. கைதானவர் கேட்டால்தான், அந்த நாட்டு அதிகாரிகள் தூதரகத்துக்குத் தகவல் சொல்ல வேண்டும் என்பது அதன் பொது விதி. ஊருக்குத் தெரிந்தால் மானம் போய்விடும் என்று வாய் திறக்காமல் இருப்பவருக்கு அந்த உரிமை இருந்தும் பயனில்லை.

குல்பூஷன் ஜாதவ் வழக்கைப் பாருங்கள். இந்தியரான அவரைப் பாகிஸ்தான் 2016-இல் பிடித்தது. 2017-இல் ராணுவ நீதிமன்றம் மரண தண்டனை விதித்தது. இந்தியத் தூதரக அதிகாரிகளைப் பார்க்க விடவில்லை. ஹேக் நகரிலுள்ள சர்வதேச நீதிமன்றம் 2019 ஜூலை 17 அன்று, பாகிஸ்தான் 36-வது பிரிவை மீறிவிட்டது என்று தீர்ப்பளித்தது. தண்டனையை ரத்து செய்து அவரை விடுவிக்கச் சொல்ல வேண்டும் என்ற இந்தியாவின் கோரிக்கையை மட்டும் அது ஏற்கவில்லை. தூதரக அதிகாரிகளைப் பார்க்க விடு, தண்டனையை மறுபரிசீலனை செய் என்றதோடு நிறுத்திக்கொண்டது. ஓர் அரசாங்கமே ஹேக் வரை போய் வாங்கி வந்தது இவ்வளவுதான் என்றால், “எம்பசியில் ஆள் இருக்கிறது, ஒரு லட்சம் கொடு, வெளியே கொண்டுவந்துவிடலாம்” என்கிற ஏஜென்ட்டை எந்தக் கணக்கில் நம்புவது?

“பாஸ்போர்ட்டை அரபாப் (முதலாளி) வாங்கி வைத்துக்கொள்வது அந்த ஊர்ச் சட்டம்.”

வழக்கம்தான், சட்டம் இல்லை. 1967-ஆம் ஆண்டு பாஸ்போர்ட் சட்டத்தின் 17-வது பிரிவுப்படி இந்தியப் பாஸ்போர்ட் எப்போதும் மத்திய அரசின் சொத்து. உங்களுக்கே சொந்தமில்லாததை நீங்கள் முதலாளிக்கு அடமானம் வைக்க முடியாது. கத்தாரின் 2015-ஆம் ஆண்டுச் சட்டம், பாஸ்போர்ட்டைப் பிடித்துவைக்கும் முதலாளிக்கு 25,000 ரியால் வரை அபராதம் வைத்திருக்கிறது.

பாஸ்போர்ட் போய்விட்டால் தூதரகம் தருவது அவசரகாலச் சான்றிதழ். வளைகுடாவில் நம்மவர்கள் வாயில் அது ‘அவுட்பாஸ்’. இந்தியாவுக்கு ஒருமுறை வர மட்டும் செல்லும். விசா முடிந்துபோனவர், ஓடிப்போனதாக முதலாளி ‘ஹுரூப்’ கொடுத்த ஆள் என்பதற்காகத் தூதரகம் ஒருவரைப் போலீசில் பிடித்துக்கொடுப்பதில்லை. இந்தியர் என்று நிரூபித்தால் அவரும் அவுட்பாஸ் கேட்கலாம். ஆனால் அவுட்பாஸ் கையில் வந்துவிட்டால் விமானம் ஏறிவிடலாம் என்று நினைப்பதும் பாதிக் கணக்கு. அந்த நாடு வெளியேற அனுமதி தர வேண்டும். தங்கிய நாளுக்கு அபராதமோ நிலுவையில் வழக்கோ இருந்தால் அது தீர வேண்டும்.

இங்கேதான் இந்தியச் சமூக நல நிதி கைகொடுக்கும். 2009-இல் தொடங்கியது, 2017-இல் விதிகள் தளர்த்தப்பட்டன. தங்க இடம், டிக்கெட், அவசர சிகிச்சை, வக்கீல் செலவு, சிறிய அபராதம் வரை, வசதியற்றவர் என்று பார்த்துக் கொடுக்கிறார்கள். தூதரகச் சேவைகளுக்கு நாம் கட்டும் கட்டணத்தோடு வாங்கும் சிறு தொகையிலிருந்து சேர்ந்த பணம் இது. கேட்கக் கூச்சப்பட என்ன இருக்கிறது?

“இறந்துபோனால் இரண்டு நாளில் உடல் வீட்டுக்கு வந்துவிடும்.”

இந்த நம்பிக்கைக்கு ஒரு காரணம் உண்டு. 2024 ஜூன் 12 அன்று குவைத்தின் மங்காஃப் பகுதித் தீ விபத்தில் 45 இந்தியர்கள் இறந்தார்கள். ஏழு பேர் தமிழர்கள். ஜூன் 14 அன்றே விமானப்படை விமானம் உடல்களோடு கொச்சியில் இறங்கியது. இரண்டு அரசுகளும் நேரடியாக இறங்கியதால் நடந்த காரியம் அது. தனியாக ஒரு தொழிலாளி அறையில் இறந்துகிடந்தால் கதை வேறு. மருத்துவமனை அறிக்கை, விபத்து என்றால் போலீஸ் அறிக்கை, இறப்புச் சான்று, உடல் பதப்படுத்திய சான்று, பாஸ்போர்ட் ரத்து, தூதரகத்தின் தடையில்லாச் சான்று, ஊரிலிருந்து வாரிசின் சம்மதக் கடிதம். இவற்றில் பெரும்பாலானவை அந்த ஊர் அலுவலகங்களின் கையில். நம் கையில் இருப்பது கடைசியாகச் சொன்ன கடிதம் ஒன்றுதான். அதுவும் அண்ணன் தம்பிக்குள், மாமனார் வீட்டுக்குள் சண்டை வந்து நின்றுபோவதுண்டு.

செலவை முதலில் ஏற்க வேண்டியவர் முதலாளி. சவூதித் தொழிலாளர் சட்டம் இதை வெளிப்படையாகவே சொல்கிறது. அவர் கைவிட்டால் நல நிதி. உடல் வந்த பிறகு பலரும் மறப்பது பாக்கிச் சம்பளம், இழப்பீடு. அதைக் கேட்டு வாங்கத் தூதரகத்துக்கு அதிகாரம் கொடுத்து எழுதிக்கொடுங்கள். காப்பீட்டுப் பணம் தனி. பத்தாம் வகுப்பு தேறாதவர்கள் வளைகுடா நாடுகள், மலேசியா உட்பட 18 நாடுகளுக்கு வேலைக்குப் போகக் குடியேற்ற அனுமதி வேண்டும். அப்போது பிரவாசி பாரதிய பீமா யோஜனா காப்பீடு கட்டாயம். இரண்டு ஆண்டுக்கு 275 ரூபாய் பிரீமியம்; விபத்தில் இறந்தால் 10 லட்சம். ‘விசிட் விசாவில் போ, அங்கே மாற்றிக்கொள்ளலாம்’ என்று ஏஜென்ட் சொல்வதைக் கேட்டுப் போனவர் குடும்பத்துக்கு இந்தப் பத்து லட்சம் கிடையாது.

“தூதரக முத்திரை இருந்தால் பவர் பத்திரம் பக்கா.”

கையெழுத்துப் போட்டவர் இன்னார்தான் என்பதற்கு மட்டுமே அந்த முத்திரை சாட்சி. நிலம் அவருடையதா, பங்காளிக்கு உரிமை உண்டா என்பது பற்றி அது பேசாது. பத்திரம் இந்தியாவுக்கு வந்து சேர்ந்த மூன்று மாதத்துக்குள் இங்கே முத்திரைத் தீர்வை கட்ட வேண்டும் என்கிறது முத்திரைச் சட்டத்தின் 18-வது பிரிவு. கூரியரில் வந்த பத்திரத்தைப் பீரோவில் வைத்துவிட்டு, வாங்க ஆள் வந்த பிறகு திண்டுக்கல் பதிவு அலுவலகத்துக்கு ஓடுபவர்கள்தான் இதில் மாட்டுகிறார்கள்.

“அப்பா அம்மாவின் நாடுதான் பிள்ளையின் நாடு, தானாக வந்துவிடும்.”

வராது. வெளிநாட்டில் பிறந்த குழந்தையை ஓராண்டுக்குள் இந்தியத் தூதரகத்தில் பதிய வேண்டும். தவறினால் மத்திய அரசின் அனுமதி வேண்டும். இதே கதை திண்டுக்கல்லை அடுத்த தோட்டனூத்தில் தலைகீழாக நடக்கிறது. இலங்கைத் தமிழர்களுக்கு 321 புது வீடுகள் 2022 செப்டம்பரில் திறக்கப்பட்ட இடம் அது. அவர்களுக்குத் தூதரகம் என்பது சென்னையிலுள்ள இலங்கைத் துணைத் தூதரகம். இங்குள்ள அகதிகள் முகாமில் பிறந்த பிள்ளை இலங்கைக் குடியுரிமை பெற வேண்டுமென்றால், 1948-ஆம் ஆண்டு இலங்கைச் சட்டமும் ஓராண்டுக்குள் பதியச் சொல்கிறது. தாமதத்துக்குத் தகுந்த காரணம் இருந்தால் கூடுதல் அவகாசம் தரலாம்.

முகாமில் பிறந்த யாருக்குமே இந்தியப் பாஸ்போர்ட் கிடையாது என்பதும் தவறு. 1950 ஜனவரி 26 முதல் 1987 ஜூன் 30 வரை இந்திய மண்ணில் பிறந்தவர், பெற்றோர் எந்த நாட்டவராக இருந்தாலும், பிறப்பால் இந்தியக் குடிமகன். மண்டபம் முகாமில் 1986-இல் பிறந்த ஒரு பெண்ணுக்கு இதைக் காட்டித்தான் 2022-இல் உயர்நீதிமன்ற மதுரைக் கிளை பாஸ்போர்ட் கொடுக்கச் சொன்னது. 2024 மக்களவைத் தேர்தலில் அவர் வாக்களித்தார். அவர் கையில் இருந்த முக்கிய ஆதாரம் பிறப்புச் சான்றிதழ்.