தனி அமைப்பு எதற்கு?

கேள்வி: நடிகர் சங்கம் இருக்கும்போது சினிமாப் பெண்களுக்குத் தனி அமைப்பு எதற்கு?
– ஒரு வாசகி, கோலார் தங்கவயல்

பதில்: நடிகர் சங்கத்தில் ஒப்பனைக் கலைஞருக்கும் உதவி இயக்குநருக்கும் இடம் ஏது? கேரளத்தில் 2017இல் உருவான 'விமன் இன் சினிமா கலெக்டிவ்' எல்லாத் துறைப் பெண்களையும் சேர்த்தது. அதன் மனுவைத் தொடர்ந்துதான் மலையாளத் திரையுலகில் பெண்களின் நிலையை ஆராயும் ஹேமா கமிட்டி அமைந்தது. 2019 கடைசியில் கமிட்டி தந்த அறிக்கை 2024 ஆகஸ்டில்தான் வெளியானது. படப்பிடிப்பில் கழிப்பறையும் உடைமாற்றும் அறையும்கூட இல்லாததை அது பதிவு செய்தது. 'அறிக்கையால் யாருக்கு என்ன லாபம்?' என்று கேட்கலாம். ஆனால் அமைப்பு அறிக்கையோடு நிற்கவில்லை. அது தொடுத்த வழக்கில், படத் தயாரிப்புக் குழுக்களில் பாலியல் புகார்களை விசாரிக்கும் உள்புகார்க் குழு கட்டாயம் என்று 2022 மார்ச்சில் கேரள உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. இதற்கான பணியிடப் பாலியல் துன்புறுத்தல் தடுப்புச் சட்டம் 2013இலேயே வந்துவிட்டது. கேட்க ஆளில்லாததால் ஏட்டோடு நின்றது. உங்கள் கர்நாடகத்திலும் கன்னடத் திரையுலகினரின் 'ஃபயர்' அமைப்பு ஹேமா கமிட்டி போல ஒரு கமிட்டி கேட்டு 2024இல் முதல்வரிடம் மனு கொடுத்திருக்கிறது. தனித்தனியாகப் புகார் சொன்னால் வாய்ப்பு போகும். அமைப்பாகக் கேட்டால் அரசு பதில் சொல்லியாக வேண்டும்.