கண்ணீரை விடு, பணிப்பதிவேட்டைத் திற



ஓய்வுபெற்ற அந்தத் தலைமை ஆசிரியைக்காக நீ எழுதிய ரிட் மனுவைப் படித்தேன். முதல் நான்கு பத்தியும் கண்ணீர். கணவர் இல்லை, மகளுக்குக் கல்யாணம் ஆகவில்லை, மருந்துச் செலவு தாங்கவில்லை. எனக்குக் கோபம்தான் வந்தது. அந்த அம்மா இரக்கம் கேட்டு வரவில்லை. அலுவலகம் போட்ட ஊதிய நிர்ணயத்தின்படி வாங்கிய சம்பளத்தை, அதிகம் என்று சொல்லி இப்போது பணிக்கொடையில் பிடிக்காதே என்கிறார். அது உரிமை.

பதினோராம் பத்தியில்தான் விஷயமே இருக்கிறது. அந்த நிர்ணயத்துக்குப் பிறகு இரண்டு தடவை தணிக்கை வந்து, பணிப்பதிவேட்டின் அதே பக்கத்தில் சரிபார்த்ததாகப் பச்சை மையில் கையெழுத்துப் போட்டுப் போயிருக்கிறது. இதைக் கண்டுபிடித்த கண் லேசுப்பட்டதல்ல. என்னிடம் இருந்த எந்த ஜூனியரும் பதிவேட்டை இப்படிப் படித்ததில்லை. அதை ஏன் புதைத்து வைத்தாய்? இரண்டாம் பத்திக்குக் கொண்டுவா.

அடுத்து, ரஃபீக் மசீ. உச்ச நீதிமன்றத்தின் அந்த 2014ஆம் ஆண்டுத் தீர்ப்பு பிடித்தம் கூடாது என்று சொன்ன ஐந்து வகைகளையும் அப்படியே எடுத்துப்போட்டு, ஐந்தும் பொருந்தும் என்கிறாய். முதல் வகை சி, டி பிரிவு ஊழியர்களுக்கானது. தலைமை ஆசிரியை எந்தப் பிரிவு என்று அரசு வழக்கறிஞர் எழுந்து கேட்டால் என்ன சொல்வாய்? நான்காவது, உயர்பதவி வேலையைத் தவறாக வாங்கிய வழக்குகளுக்கு. இங்கே அப்படி எதுவும் நடக்கவில்லை. ஓய்வுபெற்றவர், ஐந்து ஆண்டுக்கு மேல் கொடுத்துவந்த தொகை என்ற இரண்டும் போதும். 2022இல் வந்த தாமஸ் டேனியல் வழக்கு கேரள ஆசிரியருடையது, ஓய்வுக்குப் பின் வந்த பிடித்தம். அதைச் சொல்லவே இல்லையே!

எங்கள் சீனியர் பணி வழக்கு என்றால் கட்சிக்காரரிடம் பேசுமுன் பதிவேட்டைத்தான் கேட்பார். ஒருமுறை ஓர் உதவிபெறும் பள்ளி எழுத்தர் அதை மஞ்சள் பையில் சுற்றிக்கொண்டு வந்தார். சீனியர் ஒவ்வொரு ஊதிய உயர்வாக விரல் வைத்து, யார் எழுதியது, யார் சரிபார்த்தது என்று எங்களைக் கேட்டுக்கொண்டே போனார். ஊழியர் பொய்த் தகவல் கொடுத்து வாங்கினாரா? இல்லையென்றால் தவறு யாருடையது? சாகிப் ராம், சையத் அப்துல் காதர் வழக்குகளில் உச்ச நீதிமன்றம் பார்த்ததும் அதைத்தான்.

இன்னொன்று. ஊதியக் குழு விருப்பப் படிவத்தோடு ஓர் உறுதிமொழித் தாளிலும் கையெழுத்து வாங்கியிருப்பார்கள், அதிகமாகக் கொடுத்திருந்தால் திருப்பித் தருகிறேன் என்று. 2016இல் ஜக்தேவ் சிங் வழக்கில் நீதிபதியாக இருந்தவரையே அந்தத் தாள் தோற்கடித்தது. அம்மாவிடம் கேட்டாயா? எதிர்மனுவில் அது முளைத்த பிறகு தெரிந்து பயனில்லை. அந்தத் தாள் இருந்தால், எந்த ஊதியக் குழுவுக்காகக் கொடுத்தது, இந்த நிர்ணயத்துக்கும் அதற்கும் தொடர்பு உண்டா என்று பார்.

வேண்டுதலையும் திருத்து. பிடித்தத்துக்கான ஆணையை ரத்து செய்யக் கேட்டிருக்கிறாய்; ஏற்கெனவே பிடித்த பணத்தைத் திருப்பித் தரக் கேட்கவில்லை. வட்டியோடு கேள்.