மகாலுக்குச் சட்டம் இருக்கு, மட்டப்பா வீட்டுக்கு?

ஸ்ரீவில்லிபுத்தூர் போனா எல்லாரும் அண்ணாந்து பார்க்கிறது கோபுரத்தைத்தான். 11 நிலை, ஏறத்தாழ 190 அடி. அரசு முத்திரையில இருக்கிற கோபுரம்னு சின்ன வயசுலேயே சொல்லிக் கொடுத்திருப்பாங்க. அடுத்த தடவை போகும்போது, பால்கோவா வாங்கின கையோட பஸ் ஏறிடாம, திருமலை நாயக்கர் மகாலையும் ஒரு எட்டு பார்த்துட்டு வாங்க. மதுரை மகாலைச் சொல்லலை. இந்த ஊர்லயே ஒண்ணு இருக்கு, 17ஆம் நூற்றாண்டுக் கட்டடம். ரொம்ப காலம் கோர்ட் அதுக்குள்ளதான் நடந்தது. இன்னைக்கு அது தமிழ்நாடு தொல்லியல் துறையின் பாதுகாக்கப்பட்ட சின்னம்.

அந்தப் பாதுகாப்புக்கு அடிப்படை மாநில அரசின் 1966ஆம் வருடச் சட்டம். மத்திய அரசுக்குத் தனியா 1958ஆம் வருடச் சட்டம் உண்டு. அதன்படி ஒரு கட்டடம் நினைவுச்சின்னம் ஆகணும்னா குறைஞ்சது 100 வயசு ஆகியிருக்கணும். 2010 திருத்தத்துக்கு அப்புறம், மத்திய அரசு பாதுகாக்கும் சின்னத்தைச் சுற்றி 100 மீட்டருக்குள்ள புதுசா எதுவும் கட்டக் கூடாது. அடுத்த 200 மீட்டருக்கு அனுமதி வாங்கணும்.

இது அரண்மனைக்கும் கோட்டைக்கும் சரி. சாதாரண வீடு?

ஒரு அசைன்மென்ட்டுக்காக இங்கிலாந்துக்காரங்க வெச்சிருக்கிற பட்டியலைப் பார்த்தப்போதான் எனக்கு இந்தக் கேள்வியே வந்தது. அங்க ஒரு குக்கிராமத்தை எடுத்தாலும் சர்ச் மட்டும் பட்டியல்ல இருக்காது. பண்ணை வீடு, தானியக் களஞ்சியம், மைல்கல், சில ஊர்ல சிவப்பு டெலிபோன் பூத் வரைக்கும் இருக்கும். மூணு தரம் பிரிச்சிருக்காங்க. 90 சதவீதத்துக்கு மேல கடைசித் தரம்தான், நம்மை மாதிரி ஆளுங்க குடியிருக்கிற வீடுகளும் பெரும்பாலும் அதுலதான் வரும். குடியிருக்கலாம், விற்கலாம். ஆனா அதோட தன்மை மாறுற மாதிரி உள்பக்கச் சுவரையோ மாடிப்படியையோ மாற்றணும்னாக்கூட அனுமதி வேணும். வாங்காம செஞ்சா கிரிமினல் குற்றம். மொத்தம் 3 லட்சத்து 70 ஆயிரத்துக்கும் மேல பதிவுகள். நம்ம மத்தியத் தொல்லியல் துறை நாடு முழுக்கப் பாதுகாக்கிறது சுமார் 3,700. ரெண்டும் ஒரே மாதிரிப் பட்டியல் இல்லைதான், நமக்கு மாநிலப் பட்டியல்கள் வேற இருக்கு. இருந்தாலும் வித்தியாசம் கொஞ்சநஞ்சமில்லை.

இப்போ ராஜபாளையம் வாங்க. சென்னை மாகாண முதல்வரா இருந்த பி.எஸ். குமாரசாமி ராஜா தன் வீட்டையே காந்தி கலை மன்றத்துக்குக் கொடுத்தார். அப்படி ஒரு புழக்கம் கிடைச்ச வீடு நிலைக்கும். கிடைக்காத வீடு பாகப்பிரிவினையோட போயிடும். எங்க தாத்தா வீடு அப்படித்தான் போச்சு. நாலு பங்காளி, ஒரு ஜேசிபி, ரெண்டே நாள். தேக்கு உத்தரம் எல்லாம் லாரியில ஏறினப்போ நான் இன்டர்னல் எக்ஸாம் எழுதிக்கிட்டு இருந்தேன்.

இடிக்கிறதுக்கு எல்லாரும் சொல்ற காரணம் "சுவர் ஓதம் காத்துடுச்சு, ஒழுகுது". இதுல பாதி நாமளே உண்டாக்கினது. பழைய சுவர் சுண்ணாம்புக் காரை. தரையிலிருந்து ஏறுற ஈரம் காரை வழியா வெளியே ஆவியாகிடும். அதுமேல சிமெண்ட் பூசினா வழி அடைபடும். ஈரம் உள்ளேயே தங்கி இன்னும் மேல ஏறும். அதுல கரைஞ்ச உப்பு பூச்சுக்குப் பின்னாடி படிஞ்சு செங்கல்லைப் பொடியாக்கும். மேல மட்டப்பாவும் அப்படித்தான். உத்தரத்துக்கு மேல சுண்ணாம்புச் சாந்துல குத்துக்கல்லா அடுக்கின செங்கல், அதுமேல செங்கல்ஜல்லி போட்டு நாள்கணக்கா அடிச்சு இறுக்கின தளம், கடைசியா தட்டோடு. ஓடு விரிசல் விட்டா ஓட்டைத்தான் மாற்றணும். நாங்க ரெண்டு இஞ்ச் கான்கிரீட் போட்டோம். எடை கூடிச்சு, உத்தரம் தொங்கிச்சு, இஞ்சினியர் "இடிச்சிடுங்க"ன்னார்.

சின்னங்களைத் தாண்டி மற்ற பாரம்பரியக் கட்டடங்களையும் கவனிக்க 2012ல தமிழ்நாடு பாரம்பரிய ஆணையச் சட்டம் நிறைவேறிச்சு. பல வருஷம் கிடப்புலதான் கிடந்தது. எந்தப் பட்டியல் போட்டாலும் முதல்ல கேட்கிறது வரைபடமும் அளவும்தான். அது நம்ம கையில இருக்கு. இந்த லீவுல உங்க தெருவுல ஒரு மட்டப்பா வீடு இருந்தா, அனுமதி கேட்டுட்டு டேப்போட போங்க. சுவர்க் கனம், உத்தரத்துக்கு உத்தரம் இடைவெளி, தளத்தோட கனம், எங்கே சிமெண்ட் பூசியிருக்கு, எங்கே காரை மிச்சம் இருக்குன்னு குறிச்சு, போட்டோவுல தேதி போடுங்க. எங்க வீட்டுக்கு என்கிட்ட இருக்கிறது ஒரு கல்யாண ஆல்பம் மட்டும்தான். அதுல சுவர் தெரியிற இடமெல்லாம் சொந்தக்காரங்க நிக்கிறாங்க.