தாயைக் காக்கும் இறுக்க உடை



மருத்துவமனையில் நோயாளியின் கால்களுக்கு இறுக்கமான காலுறை மாட்டியிருப்பதை உங்களில் அநேகர் பார்த்திருப்பீர்கள். யானைக்கால் வீக்கத்துக்குப் பட்டைத் துணி சுற்றுவதையும் கண்டிருப்பீர்கள். உடலை வெளியிலிருந்து அழுத்துவதும் ஒரு சிகிச்சையே. பிரசவ நேரத்தில் உயிர்காக்கும் அப்படிப்பட்ட ஓர் உடையைப்பற்றி இப்பாடத்தில் படிப்போம்.

ஆபத்து எங்கே?

குழந்தை பிறந்து நஞ்சுக்கொடி வெளிவந்ததும் கருப்பை கல்லைப்போல் இறுகிச் சுருங்க வேண்டும். அந்தச் சுருக்கமே திறந்திருக்கும் இரத்தக்குழாய்களை மூடுகிறது. நிறைமாதத்தில் கருப்பைக்கு ஒரு நிமிடத்துக்கு அரை லிட்டருக்கும் அதிகமான இரத்தம் பாய்கிறது. ஆகவே கருப்பை தளர்ந்துபோனால், இரண்டு மணி நேரத்துக்குள் தாய் இறந்துபோகக்கூடும்.

இதைத் தடுக்க, குழந்தை பிறந்தவுடன் ஆக்சிடோசின் ஊசி போடுகிறார்கள். அதையும் மீறிச் சிலருக்கு இரத்தப்போக்கு ஏற்படுகிறது. செஞ்சிக்கும் திண்டிவனத்துக்கும் இடையில் உள்ள மேல்சித்தாமூர் போன்ற ஊரை எண்ணிப்பாருங்கள். இன்று பிரசவங்கள் அநேகமாக மருத்துவமனைகளிலேயே நடக்கின்றன. ஆனால் இரத்தம் ஏற்றவும் அறுவை சிகிச்சை செய்யவும் வேண்டுமானால் திண்டிவனத்துக்கோ, முண்டியம்பாக்கம் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்கோ, புதுச்சேரி ஜிப்மருக்கோ போயாக வேண்டும். அந்தப் பயண நேரத்தில்தான் உயிர் ஊசலாடுகிறது.

உடை வந்த வழி

உடலை அழுத்தி இரத்த அழுத்தத்தை உயர்த்தும் காற்றுடையை 1900களின் தொடக்கத்தில் ஜார்ஜ் கிரைல் என்ற அமெரிக்க அறுவை மருத்துவர் செய்து பார்த்தார். பிற்பாடு நாசா ஆய்வுக்கூடத்தின் முயற்சியிலிருந்து, காற்று அடைக்கத் தேவையில்லாத எளிய உடை உருவாயிற்று. பாகிஸ்தானின் சியால்கோட் நகரிலுள்ள மெமோரியல் கிறிஸ்தவ மருத்துவமனையில் பிரசவ இரத்தப்போக்குக்கு இதைப் பயன்படுத்திய அனுபவத்தை டாக்டர் பால் ஹென்ஸ்லி 2002இல் மருத்துவ உலகுக்கு அறிவித்தார். எகிப்திலும் நைஜீரியாவிலும் நடந்த ஆய்வுகளில், இதை அணிந்த தாய்மாரின் இரத்த இழப்பு குறைந்தது. 2012இல் உலக சுகாதார நிறுவனம், தகுந்த சிகிச்சை கிடைக்கும்வரையிலான தற்காலிக உதவியாக இதைப் பரிந்துரைத்தது. தமிழ்நாட்டில் பாத்ஃபைண்டர் இன்டர்நேஷனல் அமைப்பு இதை அறிமுகம் செய்ய உதவியது. அரசு மருத்துவமனைகளிலும் 108 ஆம்புலன்ஸ்களிலும் இது பயன்பாட்டுக்கு வந்தது.

எப்படி வேலை செய்கிறது?

நீச்சலுடைத் துணி போன்ற தடித்த, நீளும் துணியில் ஒட்டுப்பட்டைகள் தைத்த உடை இது. கணுக்கால், கெண்டைக்கால், தொடை, இடுப்பு, வயிறு என்ற வரிசையில் கீழிருந்து மேலாக இறுக்கி ஒட்ட வேண்டும். வயிற்றுப் பட்டையில் உள்ள ஒரு பந்து கருப்பையின்மேல் அழுத்துகிறது. உயரம் குறைந்த பெண்ணுக்கு முதல் பட்டையை மடித்துவிட்டு இரண்டாவதிலிருந்து தொடங்கலாம்.

இதனால் இரண்டு நன்மைகள். கால்களில் தேங்கும் இரத்தம் இருதயத்துக்கும் மூளைக்கும் திரும்புகிறது. இடுப்பு, வயிற்றுப் பகுதியின் குழாய்கள் ஒடுங்குவதால் இரத்தக் கசிவும் குறைகிறது. உடையைக் கழற்றாமலே மருத்துவர் பரிசோதிக்கலாம், கிழிசலைத் தைக்கலாம், மருந்தும் திரவமும் ஏற்றலாம். பிறகு கிருமிநீக்கித் துவைத்து, உலர்த்தி, அடுத்த தாய்க்கு வைத்துக்கொள்ளலாம்.

எச்சரிக்கை

வயிற்றில் உயிருள்ள குழந்தை இருக்கும்போது இதை அணிவிக்கக் கூடாது. இருதய வால்வு சுருங்கியவர்களுக்கும் ஆகாது.

கழற்றுவதில்தான் பெரிய தவறு நேரக்கூடும். தாய் கண் திறந்து பேசினவுடன், "இவ்வளவு இறுக்கமாய் இருக்கிறதே!" என்று இரக்கப்பட்டு உறவினர் வயிற்றுப் பட்டையைத் தளர்த்தினால், இரத்தம் திடீரென்று கீழே இறங்கி அவள் மறுபடியும் மயங்கிவிடலாம். இரத்தப்போக்கு நின்று, நாடியும் இரத்த அழுத்தமும் சில மணி நேரம் சீராயிருந்த பின்னரே, பயிற்சி பெற்றவர் கணுக்காலிலிருந்து தொடங்கி ஒவ்வொரு பட்டையாகக் கழற்ற வேண்டும். ஒவ்வொன்றுக்கும் இடையே சுமார் 15 நிமிடம் காத்திருக்க வேண்டும். இரத்த அழுத்தம் 20 குறைந்தாலோ நாடி 20 கூடினாலோ உடனே திரும்பக் கட்டிவிட்டு, கசிவு எங்கே என்று தேட வேண்டும்.

நல்ல சமாரியன் காயங்களைக் கட்டியதோடு நின்றுவிடவில்லை; சத்திரம்வரை கொண்டுபோய்ச் சேர்த்தான். இந்த உடையும் அப்படியே. இது நேரத்தை வாங்கித் தருகிறதேயன்றி, இழந்த இரத்தத்தைத் தருவதில்லை. அந்த இரத்தம் மனிதரிடமிருந்தே வர வேண்டும். 18 முதல் 65 வயதுக்குட்பட்ட ஆரோக்கியமான ஆண்கள் 3 மாதத்துக்கு ஒருமுறையும், பெண்கள் 4 மாதத்துக்கு ஒருமுறையும் இரத்ததானம் செய்யலாம்.

கலந்து பேச:

1. உடையைக் கீழிருந்து மேலாகக் கட்டுவது ஏன்? கழற்றும்போதும் கணுக்காலிலிருந்தே தொடங்குவது ஏன்?

2. உங்கள் ஊரிலிருந்து இரத்த வங்கி உள்ள மருத்துவமனைக்குப் போக எவ்வளவு நேரமாகும்?

3. உங்கள் வாலிபர் ஐக்கியத்தில் எத்தனை பேருக்குத் தங்கள் இரத்தப் பிரிவு தெரியும்?