எனக்குப் பிறகு இவனுக்கு யார்?



ஆதம்பாக்கத்தில் வீடு வீடாக ஜெபிக்கப் போகும்போது ஒரு ஜெபக் குறிப்பை அடிக்கடி கேட்கிறேன். "பிரதர், நான் கண்ணை மூடிட்டா இவனை யாரு பாத்துக்குவாங்க?" தாய்க்கு வயது எழுபதைத் தாண்டியிருக்கும். மகனுக்கு நாற்பது. இன்னும் அம்மாதான் சோறு ஊட்டவேண்டும். இந்தப் பாரத்தைக் குறித்து மூன்று காரியங்களைத் தியானிப்போம்.

1. யார் செய்த பாவம் என்று கேளாதிருங்கள். பிறவிக் குருடனைக் கண்ட சீஷர்கள் அதைத்தான் கேட்டார்கள் (யோவான் 9:1-3). இயேசு அவன் மேலும் பழி போடவில்லை, பெற்றோர் மேலும் போடவில்லை. "விசுவாசம் பத்தல, அதான் சுகமாகல" என்று அந்தத் தாயிடம் சொல்லுகிறவர்கள் நமக்குள்ளும் உண்டு. அந்த வார்த்தை ஒரு குடும்பத்தையே ஆராதனையிலிருந்து துரத்திவிடும்.

2. ஆளை வைத்தால் மட்டும் போதாது. கால் முடமான மேவிபோசேத்துக்குத் தாவீது பந்தியில் இடம் கொடுத்தான்; நிலத்தைத் திரும்பக் கொடுத்தான்; பயிரிட சீபாவையும் வைத்தான் (2 சாமுவேல் 9). பின்னால் நடந்தது என்ன? சீபா கோள் சொல்லி அந்த நிலத்தையே வாங்கிக்கொண்டான் (16:1-4). "அண்ணன் பாத்துக்குவான்" என்று வாய்ச்சொல்லில் விட்டுவிடுகிற பெற்றோர் இதைக் கவனிக்கவேண்டும்.

3. உயிரோடிருக்கும்போதே எழுதி வையுங்கள். 18 வயதுக்குப் பிறகு பெற்றோர் தானாகவே சட்டப்படி காப்பாளர் ஆவதில்லை. ஆட்டிசம், மூளை முடக்குவாதம், மனவளர்ச்சிக் குறை, பல்வகை ஊனம் உள்ளவர்களுக்காக 1999-ல் தேசிய அறக்கட்டளைச் சட்டம் வந்தது. பெற்றோர் தாங்கள் விரும்புகிறவரைக் காப்பாளராக்க மனு கொடுக்கலாம். கலெக்டர் தலைமையிலான உள்ளூர்க் குழு விசாரித்து நியமிக்கும். நியமிக்கப்பட்டவர் 6 மாதத்துக்குள் சொத்துப் பட்டியலும், வருஷாவருஷம் கணக்கும் கொடுக்கவேண்டும். சீபாவிடம் கேட்கப்படாத கணக்கு இதுதான். நமக்குச் சென்னை மாவட்ட கலெக்டர் ஆபீஸ்.

கோட்டூர்புரத்திலுள்ள வித்யாசாகரை 1985-ல் தொடங்கிய பூனம் நடராஜனும், மூளை முடக்குவாதமுள்ள மகனை வளர்த்த ஒரு தாய்தான். பிற்காலத்தில் அவரே தேசிய அறக்கட்டளையின் தலைவரானார். ஒரு தாயின் பாரம் அநேகருக்கு வாசலைத் திறந்தது.

சபையே, நமக்கும் பங்கு உண்டு. வாரத்தில் இரண்டு மணி நேரம் அந்தப் பிள்ளையோடு உட்காருங்கள். அம்மா கொஞ்சம் படுக்கட்டும். மனு எழுத, கலெக்டர் ஆபீசுக்குப் போக, வாலிபர்கள் கூடப் போகட்டும். இன்று அவனுக்குப் பழகுகிற முகங்கள்தான், அம்மா இல்லாத நாளில் அவன் தேடுகிற முகங்களாக இருக்கும்.